ஏழாம் பாகத்துச் சிவப்புத் துணி

என் அம்மா பிறந்த துறைமுகத்தின் பெயரை நான் சொல்லப்போவதில்லை. சொன்னால் அந்த ஊர்க்காரர்கள் யாராவது புறப்பட்டு வந்து, தங்கள் பெரிய மனிதர்களில் ஒருவரை விட்டுவிட்டேன் என்றோ, ஒருவரைத் தப்பாகச் சொல்லிவிட்டேன் என்றோ சண்டை பிடிப்பார்கள். இரண்டாவது குற்றத்தை நான் செய்ததுண்டு. பத்து வயதில், மைசூரில், கடலை ஒரு தடவைகூடப் பார்த்திராத முப்பது பெண்களுக்கு முன்னால் செய்தேன். நானும் அப்போது கடலைப் பார்த்தவள் இல்லை.

மகாராஜா காலம் அது. அப்பா மைசூரிலேயே பிறந்து, ரயில்வே ஆபீசில் குமாஸ்தாவாக இருந்தார். அம்மா கிழக்குக் கரையிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள். வந்து பன்னிரண்டு வருஷமாகியும் அவளுக்கு மைசூர் ஒரு ஊராகப் படவில்லை. அரிசி களையும்போதும் எனக்குத் தலை பின்னும்போதும் தன் ஊர்ப் பெரிய மனிதர்களைப் பற்றியே பேசிக்கொண்டிருப்பாள். அப்பா பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல், "உங்க ஊர்ல சின்ன மனுஷங்களே கிடையாதா?" என்று கேட்பார். அம்மா அதைக் கேலி என்று எடுத்துக்கொள்ளாமல் சற்று யோசித்துவிட்டு, "இருக்காவ, ஆனா அவங்களப் பத்திச் சொல்லுததுக்கு ஒண்ணுமில்ல" என்பாள்.

பள்ளிக்கூடத்தில் சனிக்கிழமை கடைசி மணி பேச்சுக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. ஒவ்வொருத்தியாக எழுந்து, தனக்குத் தெரிந்த பெரிய மனிதர் ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். மைசூரில் அந்த நாளில் அரண்மனையோடு ஏதாவது ஒரு ஒட்டு இல்லாத குடும்பமே இல்லை. ஒருத்தியின் தாத்தா அரண்மனைக் குதிரைகளுக்கு லாடம் அடித்தவர். இன்னொருத்தியின் சித்தப்பா யானைக்கு முகபடாம் கட்டுகிறவர். எங்கள் தெருவிலேயே மூன்று வீடு தள்ளி இருந்தவள்தான் வகுப்புக்கு ராணி. அவளுடைய தாத்தா தசரா ஊர்வலத்தில் வெண்குடை பிடிக்கிறவர். குடைக்காரர் பேத்தி என்ற பெயரோடு அவள் நடக்கிற நடையே தனி. என் அப்பாவுக்கு அரண்மனையில் தெரிந்தது வாசல் கேட் ஒன்றுதான். என் முறை வந்தபோது, வேறு வழியில்லாமல் அம்மாவின் துறைமுகத்தை எடுத்துவிட்டேன்.

முதல் சனிக்கிழமை கலங்கரை விளக்குக்காரர். இரவெல்லாம் விளக்கோடு விழித்திருந்து பகலில் தூங்குகிறவர். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசைக்கு வந்து முன்வரிசையில் உட்கார்ந்து, முப்பது வருஷமாக ஒரு பிரசங்கத்தையும் முழுதாகக் கேட்டதில்லை. இரண்டாம் சனிக்கிழமை ஏழு தோணிகளுக்குச் சொந்தக்காரியான ஒரு விதவை. சரக்கைப் பிடித்து வைத்த சுங்க அதிகாரியை, மன்னிப்புக் கேட்கும்வரை தன் முற்றத்து வெயிலில் நிறுத்தி வைத்தவள். மூன்றாம் வாரம், கப்பலில் வந்து இறங்குகிறவர்களுக்குக் காய்ச்சல் இருக்கிறதா என்று நாக்கை நீட்டச் சொல்லிப் பார்க்கும் டாக்டர். கல்யாண வீட்டில் யாராவது வாய்விட்டுச் சிரித்தால்கூட அவர் நாக்கைத்தான் பார்ப்பாராம்.

வகுப்பு என் கைக்குள் வந்துவிட்டது. கன்னடத்தில் துறைமுகத்துக்குப் 'பந்தரு' என்று பெயர். பெண்கள் என்னையே பந்தரு என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். டீச்சர் மற்றவர்களைச் சீக்கிரம் முடிக்கச் சொல்லிவிட்டு எனக்கு நேரம் ஒதுக்கினார். குடைக்காரர் பேத்தியால் எத்தனை நாள் இதைப் பொறுக்க முடியும்? நாலாம் வாரம் அவள் எழுந்து கேட்டாள். இவர்கள் எல்லாம் ஊரார்தானே, உன் சொந்தக்காரர் யார் அங்கே பெரியவர் என்றாள்.

எனக்கு அங்கே இருந்த ஒரே சொந்தம் அம்மாவின் அண்ணன். கப்பலுக்கு வழிகாட்டும் படகின் முனையில் நின்று, ஈயக்குண்டு கட்டிய கயிற்றைக் கடலில் வீசி, ஆழம் எவ்வளவு என்று உரக்கக் கத்துவது அவருடைய வேலை. அம்மா அவரைப் பற்றி மணிக்கணக்காகச் சொல்லியிருக்கிறாள். ஆனால் வெண்குடைக்கு முன்னால் ஒரு ஈயக்குண்டை எப்படி வைப்பது? "என் மாமா கப்பல் கேப்டன்" என்றேன். வெள்ளை உடுப்பு, பொன் பொத்தான், நங்கூரம் பதித்த தொப்பி, வெட்டிவிட்ட தாடி எல்லாம் வரிசையாக வந்தன. எங்கள் வீட்டு பிஸ்கட் டப்பாவின் மூடியில் அப்படி ஒருவர் இருந்தார்.

அதோடு போயிருந்தால் இதை எழுதவேண்டியதில்லை. அந்த வருஷம் தசராவுக்கு ஒரு வாரம் இருக்கும்போது மாமாவிடமிருந்து கடிதம் வந்தது. அம்மா படித்துவிட்டு அழுதாள், பிறகு தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தாள். அழுததற்குக் காரணம், மாமாவின் தொண்டை கெட்டுப்போயிருந்தது. இனிமேல் சத்தம் போட்டால் உள்ள குரலும் போய்விடும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கத்த முடியாதவருக்குப் படகு முனையில் வேலை இல்லை. மாமி இறந்து வெகுநாளாயிற்று, பிள்ளைகள் இல்லை. "மாமா இனிமே நம்ம கூடத்தான் இருப்பாரு" என்று அம்மா என் கன்னத்தைக் கிள்ளினாள். நான் போய் பிஸ்கட் டப்பாவை மூடி தெரியாமல் திருப்பி வைத்தேன்.

மாமா வந்து இறங்கினார். நான் பயந்ததைவிட மோசமாக இருந்தார். குட்டை உருவம், மடித்துக் கட்டிய கைலி, செருப்பு அறியாத கால். உள்ளங்கையில் கயிறு அறுத்த தழும்புகள் வரிவரியாகக் கிடந்தன. கூடவே ஒரு தகரப் பெட்டியும், ரயிலில் மூன்றாம் வகுப்பு முழுவதும் மணத்திருக்கக்கூடிய ஒரு மூட்டைக் கருவாடும் வந்தன. "ஏட்டி, எப்படி வளந்துட்டே" என்று என் தலையில் கையை வைத்தார். குரல் எங்கோ அடியிலிருந்து கரகரவென்று வந்தது. நான் தெருவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். இத்தனை வருஷம் அந்தத் துறைமுகத்தைக் கேலி செய்தவர், மாமா வந்ததும் தன் சாய்வு நாற்காலியைக் கொடுத்துவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தார். பின்கட்டில் விறகு போட்டிருந்த அறையை ஒழித்து ஓடு மாற்றி மாமாவுக்குக் கொடுப்பது என்று தீர்மானித்திருந்தார். மாமாதான் சட்டென்று பிடி கொடுக்கவில்லை. "தசரா களியட்டும் மாப்ளே. எல்லாருக்கும் தோதா இருந்தா இருக்கேன்" என்றார். தசரா முடிந்து வருகிற ஞாயிற்றுக்கிழமை அவர் சரி என்று சொல்லிவிட்டால், திங்கட்கிழமை கொத்தனார் வருவதாக ஏற்பாடு. அதாவது ஞாயிற்றுக்கிழமை ஒரு வார்த்தை சொன்னால், பிஸ்கட் டப்பாக் கேப்டன் என் வீட்டில் ஆயுசுக்கும் கைலியோடு உட்கார்ந்திருப்பார். நான் ஒவ்வொரு நாளாக எண்ணிக்கொண்டிருந்தேன்.

ஆழம் பார்க்கிறவர்கள் தங்கள் கயிற்றை அடுத்தவர் கையில் விட்டுவிட்டு வரமாட்டார்களாம். கயிறு நனைந்தால் சுருங்கும், காய்ந்தால் நீளும். எவ்வளவு சுருங்கும் எவ்வளவு நீளும் என்பது வைத்திருப்பவனுக்குத்தான் தெரியும். மாமா தன் கயிற்றைப் பெட்டியில் கொண்டுவந்திருந்தார். தினமும் சாயங்காலம் அதை வாளித் தண்ணீரில் நனைத்து, முற்றத்தில் குறுக்கே கட்டி, இரண்டு கைகளையும் அகல விரித்து ஒன்று, இரண்டு என்று அளந்துகொண்டு போவார். கை விரித்த அகலம் ஒரு பாகம். வேலையில்லாத மனிதர் எதற்காகத் தினமும் அளந்தார் என்று நாங்கள் யாரும் கேட்கவில்லை. இரண்டாம் நாளே பக்கத்து வீட்டம்மாள் நல்ல கொடி கிடைத்தது என்று தன் வீட்டுச் சேலைகளை அதில் கொண்டுவந்து உலர்த்திவிட்டாள். அம்மா சண்டைக்குப் போகப் பார்த்தாள். மாமா சிரித்துக்கொண்டே, சேலை காய்கிறவரை காத்திருந்து அளந்தார்.

அந்தக் கயிற்றில் சில பாகங்களில் அடையாளம் கட்டியிருந்தது. இரண்டிலும் மூன்றிலும் தோல் வார். ஐந்தில் ஒரு வெள்ளைத் துணி. ஏழில் வெளிறிப்போன ஒரு சிவப்புத் துணி. பத்தில் ஓட்டை போட்ட தோல். இருட்டிலும் மழையிலும் கண்ணால் பார்க்க முடியாது. அப்போது கையில் வந்த அடையாளத்தை உதட்டில் ஒற்றிப் பார்த்தே எத்தனை பாகம் என்று சொல்லிவிடுவார்களாம். "கை மரத்துப் போவும், ஒதடு பொய் சொல்லாது" என்றார். ஐந்தாம் பாகத்து வெள்ளைத் துணி, மாமி விட்டுப்போன முக்காட்டிலிருந்து வருஷத்துக்கு ஒரு துண்டாகக் கிழித்தது. ஏழாம் பாகத்துச் சிவப்பு என்னுடையது. நான் பிறந்த வருஷம் எனக்குப் போட்டிருந்த கம்பளிக் குல்லாயிலிருந்து முதல் துண்டு போயிற்று. உப்புத் தண்ணீரில் துணி ஒரு வருஷத்துக்குமேல் தாங்காது. அதனால் வருஷா வருஷம் என் பழைய உடுப்பிலிருந்து ஒரு சிவப்புத் துண்டு வெட்டி அம்மா தபாலில் அனுப்பிக்கொண்டிருந்தாள்.

"ஏழு வந்துட்டுன்னா கப்பலுக்குப் பயமில்ல, நங்கூரம் போடலாம். அதான் ஒன் துணிய அங்கன கட்டுனேன்" என்றார் மாமா. நான் அதைப் பாதிக் காதோடுதான் கேட்டேன். மீதிக் காது, தெருவில் குடைக்காரர் பேத்தியின் கொலுசுச் சத்தம் வருகிறதா என்பதில் இருந்தது.

தசரா முடிந்து பள்ளிக்கூடம் திறந்ததும் டீச்சர் என்னைக் கூப்பிட்டார். கேப்டன் மாமா வந்திருக்கிறாராமே, இந்தச் சனிக்கிழமை வகுப்புக்கு அழைத்து வா என்றார். அம்மா தெருவெல்லாம் சொன்ன செய்தி, மூன்றாம் வீட்டு வழியாக அவருக்குப் போயிருந்தது. நான் வீட்டில் மூச்சு விடவில்லை. சனிக்கிழமை காலையில், மாமாவுக்குக் காய்ச்சல், எழுந்திருக்கவே முடியவில்லை என்று சொல்லிவிட்டேன். சொல்லும்போது கண்ணில் தண்ணீர்கூட வந்தது. அதுதான் தப்பாகப் போயிற்று. டீச்சர் இளகிய மனசுக்காரர்.

அன்று சாயங்காலம் அம்மா கோயிலில் பீடத்துக்குப் பூ வைக்கப் போயிருந்தாள். அப்பா ஆபீசிலிருந்து வரவில்லை. மாமா முற்றத்தில் ஈரக் கயிற்றை அளந்துகொண்டிருந்தார். கேட் திறந்தது. வெள்ளைச் சேலையும் கையில் ஒரு பை குடகு ஆரஞ்சுமாக டீச்சர். வழிகாட்டிக்கொண்டு பின்னால் குடைக்காரர் பேத்தி.

"கேப்டன் இருக்காரா? ஜ்வரம்னு சொன்னாளே, ஸ்வல்ப நேரம் பார்த்துட்டுப் போலாம்னு வந்தேன்" என்றார் டீச்சர். பாதி கன்னடமான தமிழ் அவருடையது. மாமாவைப் பார்த்துத்தான் கேட்டார். மாமா பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் நான் முந்திக்கொண்டேன்.

"மாமா டாக்டர்கிட்டப் போயிருக்காரு டீச்சர். இது அவரோட வேலையாள்."

மாமாவின் கைகள் கயிற்றின்மேல் விரித்தபடியே நின்றன. என்னைப் பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் எனக்கு இன்றைக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருக்கும். கயிற்றில் ஒரு அடையாளம் புரியாவிட்டால் பார்ப்பது போல ஒரு பார்வை, அவ்வளவுதான். பிறகு கயிற்றை விட்டார். மடித்துக் கட்டியிருந்த கைலியை அவிழ்த்துக் கணுக்கால்வரை இறக்கிவிட்டார். முதலாளிமார் முன்னால் வேலைக்காரர்கள் செய்வதை அவர் அச்சாகச் செய்தார்.

"ஆமாம்மா, கேப்டன் வெளிய போயிருக்காவ. உக்காருங்க" என்று அப்பாவின் சாய்வு நாற்காலியைத் தூக்கி வந்து, மேல்துண்டால் தட்டிப் போட்டார்.

டீச்சர் உட்கார்ந்தார். எத்தனை வருஷமாகக் கேப்டனிடம் இருக்கிறீர்கள் என்று கேட்டார். "சின்னதுலேருந்தே கூடத்தாம்மா இருக்கேன்" என்றார் மாமா. கேப்டன் எப்படிப்பட்டவர் என்று டீச்சர் கேட்டார். மாமா சற்றே யோசித்தார். "பேச்சு கம்மி. இந்தப் பிள்ளைன்னா உசுரு" என்றார். டீச்சர் என்னைப் பார்த்துப் புன்னகை செய்தார். நானும் பல்லைக் காட்டினேன்.

குடைக்காரர் பேத்தி அதற்குள் முற்றத்துக்குப் போய்விட்டாள். இது என்ன கயிறு, எதற்கு இதில் கந்தல் கட்டியிருக்கிறது என்று கன்னடத்தில் கேட்டாள். வாளிக்குப் பக்கத்தில் ஈயக்குண்டு வேறு கிடந்தது. நான் ஓடிப்போய் அதைக் காலால் வாளிக்குப் பின்னால் தள்ளினேன். "துணி காயப்போடற கொடி" என்றேன். அவள் நம்பாமல் மாமாவைப் பார்த்தாள். டீச்சர் கேள்வியைத் தமிழில் மாமாவுக்குச் சொன்னார்.

"கொடிதாம்மா" என்றார் மாமா. "காக்கா வந்து உக்காராம இருக்கதுக்குத் துணி கட்டியிருக்கு."

முப்பத்தைந்து வருஷம் அந்தக் கயிற்றைப் பிடித்தவர். அதைப் பிடித்துக்கொண்டு அவர் சொன்ன எண்ணை நம்பித்தான் பெரிய பெரிய கப்பல்கள் கரைக்கு வந்தன. அந்த எண்ணில் அவர் ஒரு நாளும் பொய் சொன்னதில்லை என்று அம்மா சொல்லியிருக்கிறாள். எனக்காக அன்று அந்தக் கயிற்றையே பொய்யாக்கினார். இதை இப்போது எழுதும்போது முகம் சுடுகிறது. அப்போது எனக்கு வந்தது பெருமூச்சு மட்டும்தான்.

அவர்கள் புறப்பட்டார்கள். மாமா ஆரஞ்சுப் பையை இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டு கேட்வரை போய் வழியனுப்பினார். திரும்பி வந்து பையை என்னிடம் நீட்டி, "இந்தாட்டி, கேப்டன் வந்தா குடு" என்றார். கேலியா இல்லையா என்று முகத்தைப் பார்த்தும் எனக்குத் தெரியவில்லை. பிறகு கயிற்றிடம் போனார். எந்தப் பாகத்தில் விட்டார் என்பது அவருக்கு நினைவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பித்தார்.

அம்மா வந்ததும் ஆரஞ்சு ஏது என்று கேட்டாள். மார்க்கெட் பக்கம் நடந்துவிட்டு வந்தேன், குடகு ஆரஞ்சு என்றார்கள், வாங்கினேன் என்றார் மாமா. நான் நாலு பழம் தின்றேன்.

மறுநாள் பூசை முடிந்து வந்து எல்லாரும் சாப்பிட உட்கார்ந்தபோது, அப்பாவே பேச்சை எடுத்தார். "என்ன மச்சான், கொத்தனாரை நாளைக்கு வரச் சொல்லிடலாமா?" என்றார். மாமா சோற்றைப் பிசைந்துகொண்டே, "வேண்டாம் மாப்ளே. நான் ஊருக்கே போறேன்" என்றார். அம்மா பரிமாறின கையோடு நின்றுவிட்டாள்.

"ஏண்ணே? யாராவது எதாவது சொன்னாவளா?"

"யாரு என்ன சொல்லப் போறா தங்கச்சி. கடல் சத்தம் இல்லாம உறக்கம் வரமாட்டேங்கு. படுத்தா காது சும்மா கெடக்கு."

அப்பா விடவில்லை. குளிர் என்றால் கம்பளி வாங்கித் தருகிறேன், ஒரு மாதத்தில் பழகிவிடும் என்று மன்றாடாத குறைதான். அங்கே போய் என்ன செய்வீர்கள் என்று கேட்டார். ஏழு தோணிக்காரியின் சரக்குக் கிடங்குக்குக் காவல் ஆள் தேவை, அங்கே குரல் வேண்டாம், கண் இருந்தால் போதும் என்றார் மாமா. அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனாள். கடல் சத்தம்தான் காரணம் என்று அவர்கள் நம்பினார்கள். நானும் நம்பினேன். அது எனக்கு மிகவும் சௌகரியமாக இருந்தது. அப்பளத்தை இன்னொன்று கேட்டு வாங்கித் தின்றது நினைவிருக்கிறது.

திங்கட்கிழமை காலையில் வாசலில் ஜட்கா வந்து நின்றது. அம்மா அடுப்படியில் கட்டுச்சாதம் கட்டிக்கொண்டிருந்தாள். மாமா பெட்டியைத் திறந்து கயிற்றைச் சுருளாக உள்ளே வைத்தவர், என்னைக் கூப்பிட்டார். "ஏட்டி, இந்த வருசத்துத் துணி இன்னும் தரலையே. ஒன் பழைய பாவாடையில ஒரு விரக்கடை கிழிச்சுக் கொண்டா, கட்டிருதேன்."

நான் உள்ளே ஓடினேன். சிவப்பில் எனக்கு ஒரு பாவாடைதான் இருந்தது. உயரம் குட்டையாகிவிட்டாலும் எனக்குப் பிடித்த பாவாடை. ஓரத்தில் உள்மடிப்பாக நாலு விரல் துணி இருந்தது. அதில் ஒரு துண்டை வெட்டினால் வெளியே தெரியக்கூடத் தெரியாது. கத்தரிக்கோலைக் கையில் எடுத்தேன். ஒரு ஈயக்குண்டில் கட்டிச் சேற்றில் போடுவதற்கு என் பாவாடையா என்று இருந்தது. ஜன்னலில் ஒரு சின்னத் துணிக்கொடி செருகியிருந்தது. ஊர்வலத்தன்று தெருத் தோரணத்திலிருந்து அறுந்து விழுந்ததை நான்தான் பொறுக்கி வைத்திருந்தேன். அதுவும் சிவப்புத்தானே. அதில் ஒரு துண்டை வெட்டிக்கொண்டுபோய், "பாவாடையில வெட்டினேன் மாமா" என்று கொடுத்தேன்.

மாமா அதை வாங்கினார். கண்ணை மூடிக்கொண்டு உதட்டில் வைத்தார். வைத்தபடியே கொஞ்ச நேரம் இருந்தார். ஜட்காக்காரன் ரயிலுக்கு நேரமாகிறது என்று குரல் கொடுத்தான். "நல்ல துணி" என்றார் மாமா. பழைய துண்டை அவிழ்த்துவிட்டு, ஏழாம் பாகத்தில் இதை இரண்டு முடிச்சுப் போட்டுக் கட்டினார். என் தலையில் கையை வைத்துவிட்டு ஜட்காவில் ஏறிக்கொண்டார்.

பள்ளிக்கூடத்தில் கேப்டன் கப்பலுக்குத் திரும்பிவிட்டார் என்று சொன்னேன். அதற்குப் பிறகு துறைமுகத்துக் கதைகள் எனக்கு வரவில்லை. பெண்களும் வேறு ஒருத்தியைப் பிடித்துக்கொண்டார்கள். டீச்சர் மட்டும், நான் அந்தப் பள்ளிக்கூடத்தை விட்டுப் போகும்வரை, எங்கே பார்த்தாலும் கேப்டன் சௌக்கியமா என்று கேட்பார். ஒவ்வொரு தடவையும் சௌக்கியம் என்று சொன்னேன்.

கயிற்றை இப்போது பெட்டியை விட்டு எடுப்பதே இல்லை, இனித் துணி அனுப்பவேண்டாம் என்று மாமா ஊரிலிருந்து எழுதிவிட்டார். மூன்றாம் வருஷம் அவர் இறந்துபோனார். செய்தி அறிந்து அம்மா புறப்படுவதற்குள் அடக்கமே முடிந்திருந்தது. தோணிக்காரி யாரையோ வைத்து எழுதின கடிதமும், சாக்கில் தைத்த ஒரு பார்சலும் வந்தன. கடிதத்தை அப்பா உரக்கப் படித்தார். அன்று துறைமுகத்துக் கொடியைப் பாதிக் கம்பத்துக்கு இறக்கினார்களாம். தொப்பி போடாத ஒருவருக்காக அதை இறக்கினது அதுவே முதல் தடவையாம். கப்பல்களை உள்ளே கொண்டுவரும் அதிகாரிகள் நாலு பேர் தங்கள் தொப்பியை வீட்டில் வைத்துவிட்டு, வெறுந்தலையோடு வந்து சவப்பெட்டியைத் தூக்கினார்களாம். நாக்கு டாக்டரும் விளக்குக்காரரும் பின்னால் நடந்தார்களாம். அப்பா கடிதத்தை மடித்து வைத்தார். அந்த ஊர்ப் பெரிய மனிதர்களைப் பற்றி அதற்குப் பிறகு அவர் கேலி பேசிக் கேட்டதில்லை.

பார்சலில் என்ன இருக்கும் என்று எங்களுக்குத் தெரியும். அம்மா அதைப் பிரிக்காமலே தன் டிரங்குப் பெட்டியின் அடியில் வைத்துவிட்டாள். நான் அதைப் பிரித்தது, அம்மாவும் போய், அவளுடைய பெட்டியை ஒழிக்கவேண்டி வந்த நாளில். எனக்கே அப்போது கல்யாணத்துக்கு இருக்கும் ஒரு பெண் இருந்தாள். தையலை அறுத்துக் கயிற்றை மடியில் போட்டுக்கொண்டேன். மாமா செய்தது போல, கண்ணை மூடிக்கொண்டு ஒவ்வொரு அடையாளமாக உதட்டில் வைத்துப் பார்த்தேன். தோல் வார்கள் விறைத்துப்போயிருந்தன. ஐந்தாம் பாகத்து மாமியின் துணி நூல் நூலாகிவிட்டிருந்தது. அத்தனை வருஷத்துக்குப் பிறகும் உப்புக் கரித்தது.

ஏழாம் பாகத்துத் துணியில் உப்பு இல்லை. தோரணக் கடைக்காரன் போட்ட கஞ்சி மொடமொடப்பு அப்படியே இருந்தது. ஒரு தடவைகூடத் தண்ணீரில் இறங்காத, எந்தப் பிள்ளையும் ஒரு நாளும் உடுத்தியிராத துணி. அதைத் தெரிந்துகொள்ள எனக்கே ஒரு நொடிதான் ஆயிற்று. மாமா அன்று அதை உதட்டில் வெகுநேரம் வைத்திருந்தார்.